48,000 ரூபாய் போய்விட்டது: பழைய கேம் பெட்டி செய்விக்க இருப்பவர்கள் கவனம்

யாழ்ப்பாணத்தில் ஆர்கேட் கேம் பெட்டி (காசு போட்டு ஆடும் பழைய கேம்களை வீட்டு ரிவியில் விளையாடும் பெட்டி) செய்விக்க யோசிப்பவர்கள் காசு கொடுக்க முதல் இதைப் படியுங்கள். எனக்கு 48,000 ரூபாய் போய்விட்டது. இன்று காலையும் அந்தக் கடையில் சண்டை பிடித்துவிட்டு வந்துதான் எழுதுகிறேன்.

நகரத்துக்குள் கணினி திருத்தும் கடை அது. ராஸ்பெரி பை 4 என்ற சின்னக் கணினிப் பலகை, கேம்களைச் சேமிக்க 256 ஜிபி கார்ட், பத்தாயிரம் கேம், இரண்டு பேருக்கு ஜோய்ஸ்டிக் என்று பேச்சு. கடைக்காரர் அங்கே இருந்த பெட்டியில் ஸ்ட்ரீட் பைட்டர் 2 போட்டு என் மருமகனை விளையாட விட்டார். வெண்ணெய் மாதிரி ஓடியது. பிளேன்டீ எடுப்பித்துத் தந்து, "தம்பி, நானும் பிள்ளைகுட்டிக்காரன், உங்களை ஏமாத்துவனே?" என்றார். அந்த வார்த்தையை நம்பி முழுக் காசையும் எண்ணிக் கொடுத்தேன்.

வீட்டுக்கு வந்தது வேறு சாமான். பக்-மான் ஒன்றே பல பெயர்களில் நிரப்பிக் கிடக்கிறது. மெட்டல் ஸ்லக்கைத் திறந்தால் திரை கறுத்து மெனுவுக்கே திரும்புகிறது. பழைய கேம்களை ஓட்டும் மேம் என்ற மென்பொருளின் பதிப்புக்குப் பொருந்தாத கேம் கோப்புகளை அள்ளிப் போட்டால் இப்படித்தான் ஆகும். அடி மூடியைக் கழற்றினேன். பை 4 என்றால் ஓரத்தில் 40 ஊசிகள், இரண்டு மைக்ரோ எச்டிஎம்ஐ துளைகள் இருக்க வேண்டும். இதில் ஒரு ஊசியும் இல்லை. மலிவு ஆன்ட்ராய்டு ரிவி பெட்டியின் பலகையைப் பசை உருக்கி ஒட்டியிருக்கிறார்கள்! கார்டைச் சோதித்தால் 32 ஜிபி கூட இல்லை.

கேட்டால், "உங்கட ரிவியில பிழை இருக்கும்." பிறகு, "செய்த பெடியன் கொழும்புக்குப் போட்டான், திங்கள் வாங்கோ." திங்கள் போனால், "கேமுக்கு வாரண்டி இல்லை." இப்போது போனே எடுப்பதில்லை. 48,000 ரூபாயில் 12,000 மென்பொருள் போட்ட கூலியாம். மேம், ரெட்ரோபை, பட்டோசெரா என்று இந்தப் பெட்டிகளுக்குப் போடும் மென்பொருள் எல்லாமே இலவசம்! யாரும் இறக்கிக்கொள்ளலாம்.

என்னென்ன பார்த்து வாங்குவது என்று விரிவாக எழுதத்தான் இருந்தேன், இப்போது மனம் கொதிக்கிறது. உங்களுக்குத் தரும் பெட்டியையே திறந்து காட்டச் சொல்லுங்கள். பலகையின் பெயரைப் பில்லில் எழுதுவியுங்கள்; என் பில்லில் "கேம் பெட்டி 1" என்று மட்டும்தான் இருக்கிறது. கார்டின் உண்மையான கொள்ளளவைச் சோதிக்கும் எச்2டெஸ்ட்டபிள்யூ (H2testw) மென்பொருளைப் போட்டுப் பாருங்கள். முழுக் காசையும் முதலே கொடுக்க வேண்டாம். ஏற்கெனவே மாட்டுப்பட்டவர்கள் பாவனையாளர் அதிகாரசபையின் 1977 இலக்கத்துக்கு அழையுங்கள். அவர்களுக்கு, சாமான் வாங்கி மூன்று மாதத்துக்குள் எழுத்தில் முறையிட வேண்டும். என் 48,000 ரூபாய்க்கு நாளைக்கே கடிதம் கொடுக்கிறேன்.