சைபர் குற்ற வழக்கறிஞர் ஆன்லைன் பயிற்சி: சேரலாம், விளம்பரத்தை மட்டும் நம்பாதீர்கள்

சில வருடம் சிவில் வழக்குகளோடு மல்லுக்கட்டிவிட்டு, சைபர் குற்றம் பக்கம் போகலாம் என்ற ஆசையில் ஓர் ஆன்லைன் பயிற்சியில் சேர்ந்து முடித்தேன். பெயர் வேண்டாம்.

"வழக்கறிஞரும் நீங்களே, டிஜிட்டல் சான்று நிபுணரும் நீங்களே" என்று விளம்பரம் செய்கிறார்கள். பாதிப் பொய். வாதாடுகிறவரே அதே வழக்கில் கூண்டேறி நிபுணர் சாட்சியும் சொல்லிக்கொண்டிருக்க முடியாது. இரண்டும் தெரிந்திருக்கலாம், ஒரு வழக்கில் ஒன்றைத்தான் செய்யலாம். இதை எட்டாவது பாடத்தில் போகிறபோக்கில் சொல்கிறார்கள். முதல் நாளே சொல்லியிருந்தால் பாதிப் பேர் பணம் கட்டியிருக்க மாட்டோம், அதனால்தானோ என்னவோ.

சரி, நல்லதையும் சொல்ல வேண்டும். ஹாஷ், அதாவது ஒரு கோப்பிலிருந்து கணக்கிட்டு எடுக்கும் கைரேகை மாதிரியான மதிப்பு, பற்றிய பாடம் அருமை. ஒரு டெக்ஸ்ட் கோப்பைக் கொடுத்து எஸ்எச்ஏ-256 என்ற முறையில் ஹாஷ் மதிப்பு எடுக்கச் சொன்னார்கள், 64 எழுத்து வந்தது. கடைசி வரியில் ஒரே ஒரு புள்ளி சேர்த்து மறுபடி எடுத்தால், முதலில் வந்ததோடு ஒட்டும் இல்லை உறவும் இல்லை. கைப்பற்றிய ஹார்ட் டிஸ்க்கும் அதன் நகலும் ஒன்றுதான் என்று இதை வைத்துத்தான் காட்டுகிறார்கள் என்பது பலமுறை படித்த விஷயம்தான், ஆனாலும் அன்றுதான் மண்டையில் ஏறியது. ஆனால் இவர்களுடைய மாதிரி அறிக்கையில் இன்னும் எம்டி5 என்ற பழைய ஹாஷ் முறை மட்டும்தான் இருக்கிறது. வெவ்வேறு தரவுக்கு ஒரே எம்டி5 வரும் என்று 2004லேயே காட்டிவிட்டார்கள், எஸ்எச்ஏ-1 என்ற இன்னொரு பழைய முறைக்கும் 2017ல் அதே கதி. எதிர்த்தரப்பு வக்கீல் இதைப் பிடித்துக்கொண்டால் விடுவாரா?

பணத்துக்கு உண்மையான மதிப்பு மாதிரிக் குறுக்கு விசாரணையில்தான் கிடைத்தது. நான் நிபுணராக உட்கார்ந்தேன். "செல்போனை 4.10க்குக் கைப்பற்றியிருக்கிறார்கள், ஆய்வகத்தில் வாங்கியது 6.30. நடுவில் யாரிடம் இருந்தது? சிக்னல் புகாத ஃபாரடே பையில் போட்டார்களா? நெட்வொர்க்கில் இருந்ததா?" என்று மூன்று கேள்வி. அறிக்கையில் ஒன்றுக்கும் பதில் இல்லை, எனக்கு வியர்த்துவிட்டது. உள்ளே இருந்த சாட் உரையாடலை எவ்வளவு அழகாக மீட்டிருந்தாலும் அந்த இரண்டு மணி இருபது நிமிடத்துக்குக் கையெழுத்தோடு கணக்கு இல்லையென்றால் சாட்சி தடுமாற வேண்டியதுதான். இப்படி இரண்டு வகுப்புதான் வைத்தார்கள், பத்து வகுப்பாவது வைத்திருக்கலாம்.

சட்டப் பகுதி சுமார். சைபர் குற்றங்களில் நாடுகள் ஒன்றுக்கொன்று ஒத்துழைப்பதற்கான புடாபெஸ்ட் ஒப்பந்தம் 2001ல் வந்தது என்று சொல்லிவிட்டு அடுத்த ஸ்லைடுக்குப் போய்விட்டார்கள். சர்வர் ஒரு நாட்டில், மோசடிக்காரன் ஒரு நாட்டில், பணத்தை இழந்தவர் வேறொரு நாட்டில் என்றால் பதிவுகளை யாரிடம், எப்படிக் கேட்பது, முறைப்படி கோரிக்கை போய்ச் சேருவதற்குள் லாக் எனும் அந்தப் பதிவுகள் அழிந்துபோகாமல் நிறுத்திவைப்பது எப்படி என்பதெல்லாம் இல்லவே இல்லை. தொழிலில் பாதி அதுதானே ஐயா?

கணினி பக்கம் பயந்து ஒதுங்குகிற வக்கீல்களுக்கு இது நல்ல தொடக்கம். ஏற்கெனவே ஆய்வகத்தில் வேலை பார்ப்பவர்களுக்குக் குறுக்கு விசாரணையைத் தவிர எதுவும் புதிதாக இருக்காது. அப்புறம், சான்றிதழ் பிடிஎஃப்பில் வந்தது. படித்த தோஷம், மெட்டாடேட்டாவை, அதாவது கோப்பு எப்போது உருவானது போன்ற உள்விவரங்களைத் திறந்து பார்த்தேன். நான் தேர்வு எழுதுவதற்கு நான்கு நாள் முன்பே உருவாக்கியிருக்கிறார்கள்.