இஎம்ஐயில் 2,000 குறைத்தார்கள், கடனில் 24 லட்சம் ஏறியது: வீட்டுக்கடன் எடுக்கப்போகும் குமரி மாவட்டத்துக்காரர்களுக்கு

கடன் கேட்டுப் போகிற எல்லாரும் முதலில் கேட்பது ஒன்றைத்தான்: "மாசம் எவ்வளவு கெட்டணும்?" நிறுவனத்துக்கு மிகவும் பிடித்த கேள்வி அது. அதற்கு ஒரு சின்ன எண்ணைச் சொல்லிவிட்டால், மற்ற எல்லாவற்றையும் அந்த எண்ணுக்குப் பின்னால் ஒளித்துவிடலாம். இரணியல் பக்கம் வீடு பணிந்த ஒரு குடும்பத்துக்கு அப்படித்தான் நடந்திருக்கிறது. குடும்பத்தின் பெயரும் வேண்டாம், கடன் கொடுத்த வீட்டுவசதி நிதி நிறுவனத்தின் பெயரும் வேண்டாம். கணக்கை மட்டும் பார்ப்போம்.

அவர்கள் கேட்டது 30 லட்சம், 20 வருடம். சொன்ன வட்டி 8.5 சதவீதம். இதற்கு இஎம்ஐ 26,035 ரூபாய். 240 மாதத்தில் மொத்தம் சுமார் 62.48 லட்சம், அதாவது வட்டி மட்டும் 32.48 லட்சம். இதுவே கொஞ்சநஞ்சம் இல்லை. ஆனால் இது நேர்மையான கணக்கு, தெரிந்து போட்டால் தப்பில்லை.

2024 அக்டோபரில் கையெழுத்துப் போட உட்கார்ந்தபோது அதிகாரி சொன்னது: "அக்கா, மாசம் 23,990 தான் வருது. நீங்க கேட்டதவிட ரெண்டாயிரம் குறைச்சல். இன்சூரன்ஸும் உள்ளயே சேர்ந்திருக்கு." எல்லாருக்கும் சந்தோஷம். தாளில் இருந்தது வேறு. கடன் தொகை 31,20,000. காலம் 360 மாதம். 23,990-ஐ 360-ஆல் பெருக்கினால் 86,36,400. மாதம் 2,045 ரூபாய் 'மிச்சம்' பிடித்ததற்கு விலை ஏறத்தாழ 24 லட்சம். ரப்பர் ஷீட்டுக்குக் கிலோவுக்கு ரெண்டு ரூபாய் குறைத்தால் கடையை மாற்றுகிற ஊர் இது. அந்தக் கணக்கு ஏனோ கடன் ஆபீஸ் வாசலில் செருப்போடு சேர்த்துக் கழற்றி வைக்கப்படுகிறது.

முதல் மாத இஎம்ஐயை மட்டும் பிரித்துப் பாருங்கள். 31.2 லட்சத்துக்கு 8.5 சதவீதத்தில் ஒரு மாத வட்டி 22,100. கட்டிய 23,990-இல் அசலுக்குப் போனது 1,890 ரூபாய். ஒரு வருடம் முழுக்கக் கட்டினால் கையை விட்டுப் போவது 2,87,880. அசல் குறைவது சுமார் 23,600. இதில் மோசடி எதுவும் இல்லை, இஎம்ஐ கணக்கே அப்படித்தான். மாத வட்டி நிலுவைத் தொகைக்குப் போடப்படுவதால் தொடக்க வருடங்களில் வட்டிதான் பெரும்பங்கை விழுங்கும். காலத்தை நீட்ட நீட்ட அந்தத் தொடக்கமும் நீளும். மோசடி எங்கே என்றால், 20 என்று கேட்டவரிடம் 30 என்று வாயால் சொல்லாமல் 23,990 என்று சொன்னதில்.

இனி அந்த 1,20,000 என்ன? கடன்தாரர் இறந்துபோனால் கடனை அடைக்கும் காப்பீடு, ஒரே தவணை பிரீமியம். அதைக் கையிலிருந்து வாங்காமல் கடனோடு சேர்த்துவிட்டார்கள். அந்தப் பிரீமியத்துக்கும் 8.5 சதவீத வட்டி 30 வருடம் ஓடும். இஎம்ஐயில் அதன் பங்கு 923 ரூபாய், மொத்தம் 3.32 லட்சம். பாலிசித் தாளை எடுத்துப் பார்த்தால் பாதுகாப்புக் காலம் 10 வருடம் என்று இருக்கிறது. பதினோராம் வருடத்திலிருந்து காப்பீடு இல்லை, பிரீமியத்துக்கான தவணை மட்டும் 2055 வரை உண்டு. வீட்டுக்கடன் வேண்டுமென்றால் அவர்கள் காட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும்தான். அதற்கு வெளியே தனியாக ஒரு டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் காப்பீடு) எடுத்து வருடாவருடம் பிரீமியம் கட்டுங்கள். கடன் வேறு இடத்துக்கு மாறினாலும் பாலிசி உங்களோடு வரும். ஏற்கெனவே மாட்டிக்கொண்டவர்கள், பாலிசி ஆவணம் கைக்கு வந்த 30 நாளுக்குள் 'வேண்டாம்' என்று எழுதிக்கொடுத்தால் சிறு கழிவு போக மிச்சம் திரும்ப வரும். இவர்களுக்கு ஆவணம் வந்ததே தெரியாது. பழைய மின்னஞ்சல் ஒன்றில் கிடந்தது.

அடுத்தது, வீடு பணி முடியும்வரை கட்டிய பணம். நம் பக்கம் பலர் சொந்த சென்ட் நிலத்தில் கட்டுகிறவர்கள், அதனால் கடன் மொத்தமாகக் கைக்கு வராது. அஸ்திவாரம் முடிந்ததும் ஒரு பங்கு, லிண்டல் மட்டத்துக்கு ஒரு பங்கு, மேல் வார்ப்பு போட்டதும் ஒரு பங்கு, பூச்சு வேலைக்கு மிச்சம். கடைசிப் பங்கு வரும்வரை வாங்குவது 'ப்ரீ இஎம்ஐ', அதாவது கொடுத்த தொகைக்கு வட்டி மட்டும். ஒரு ரூபாய் கூட அசலில் கழியாது. இந்தக் குடும்பத்துக்கு நவம்பரில் 6 லட்சம் கொடுத்தார்கள். அன்றே இன்சூரன்ஸுக்கு 1.2 லட்சமும் போய்விட்டது. ஆக மாதம் 5,100 என நாலு மாதம். பிறகு 9 லட்சம்; மாதம் 11,475 என அஞ்சு மாதம். பிறகு இன்னொரு 9 லட்சம். மாதம் 17,850 என அஞ்சு மாதம். பதினாலு மாதத்தில் 1,67,025 ரூபாய் கட்டியிருக்கிறார்கள். 'ஒரு வருசத்துக்கு மேல ஒழுங்கா கெட்டியிருக்கோம், ஒன்றரை லட்சமாவது கழிஞ்சிருக்கும்' என்று நம்பிக்கொண்டிருந்தார்கள். 2026 ஜனவரியில் முழு இஎம்ஐ தொடங்கியபோது நிலுவை அதே 31,20,000.

மற்ற மாவட்டங்களைவிட நமக்கு இதில் அடி பலமாக விழும். ஜூனில் தென்மேற்கு மழை, அக்டோபரில் வடகிழக்கு மழை என்று வருடத்தில் இரண்டு தடவை வேலை நிற்கும். கொத்தனார் வராத நாளிலும் வட்டி வரும். கடன் நிறுவனத்தின் எஞ்சினியர் வந்து பார்த்து எழுதினால்தான் அடுத்த பங்கு. அவர் பதினைந்து நாள் தள்ளி வந்தால், அந்த இடைவெளிக்குச் சிலர் நகையை வைத்துச் சமாளிக்கிறார்கள். அது தனி வட்டி. இரண்டு காரியம் செய்யலாம். வார்ப்பு ஜூனுக்கு முன்னால் முடிகிற மாதிரி தொடங்குங்கள். முதல் பங்கு வாங்கும்போதே முழு இஎம்ஐ தொடங்கட்டும் என்று கேளுங்கள்; பல இடங்களில் ஒத்துக்கொள்வார்கள், கொடுத்த தொகைக்கான வட்டி போக மிச்சம் அன்றிலிருந்தே அசலில் கழியும்.

ஒரு சின்னத் திருட்டும் உண்டு. காசோலையில் ஒரு தேதி, அது கைக்கு வந்தது பதினோரு நாள் கழித்து. வட்டி காசோலைத் தேதியிலிருந்து. 6 லட்சத்துக்கு 11 நாள் வட்டி 1,537 ரூபாய்தான். ஆனால் பணம் உண்மையில் கைக்கு வருவதற்கு முந்தைய நாட்களுக்கு வட்டி போடக் கூடாது, போட்டிருந்தால் திருப்பிக் கொடுங்கள் என்று ரிசர்வ் வங்கி 2024 ஏப்ரலிலேயே எல்லாருக்கும் எழுதிவிட்டது. ஒவ்வொரு பங்கும் கணக்கில் ஏறிய தேதியை வங்கிப் பாஸ்புக்கோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

வட்டி விகிதத்துக்கு வருவோம். மேலே சொன்னதெல்லாம் ஒருமுறை நடப்பது, இது வருடாவருடம் நடப்பது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது திருத்த வேண்டும். இந்தக் கட்டாயம் வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்குக் கிடையாது. அவை தாங்களே ஒரு அடிப்படை விகிதம் வைத்துக்கொள்ளும், ஏற்றுவதும் இறக்குவதும் அவர்கள் இஷ்டம். ரெப்போ 2025 பிப்ரவரியில் 6.5-இலிருந்து இறங்கத் தொடங்கி ஜூனில் 5.5 ஆனது. நம் குடும்பத்தின் கணக்கில் 8.5 அசையாமல் நிற்கிறது. அதே கிளையில் புதிதாகப் போகிறவருக்கு அதைவிடக் குறைவாகச் சொல்கிறார்கள். கேட்டால், 'கன்வர்ஷன் கட்டணம் கட்டினால் குறைக்கலாம்' என்று பதில்.

ஒரு சதவீதம்தானே என்று விடாதீர்கள். இதே 31.2 லட்சம் 7.5 சதவீதத்துக்கு மாறி, இஎம்ஐ மட்டும் 23,990 ஆகவே தொடர்ந்தால் 360 மாதக் கடன் 269 மாதத்தில் முடிந்துவிடும். ஏழரை வருடம் மிச்சம். கன்வர்ஷன் கட்டணமானாலும் சரி, வங்கிக்கு மாற்றுவதற்கான ப்ராசஸிங் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீடு, அடமானப் பதிவுச் செலவு எல்லாமானாலும் சரி, இந்த ஏழரை வருடத்தோடு வைத்துப் பாருங்கள்.

வட்டி ஏறும்போது நடப்பது இன்னும் கொடுமை, ஏனென்றால் இஎம்ஐ மாறாது, அதனால் யாருக்கும் தெரியாது. 2021-இல் 7 சதவீதத்தில் 30 லட்சம் எடுத்தவருக்கு 20 வருட இஎம்ஐ 23,259. இரண்டு வருடம் கட்டிய பிறகு நிலுவை 28.52 லட்சம். 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ இரண்டரை சதவீதம் ஏறியது. கணக்குக்காக அது ஒரே நாளில் ஏறி வட்டி 9.5 ஆனதாக வைத்துக்கொள்வோம். மாத வட்டியே 22,579. அதே இஎம்ஐயைக் கட்டினால் மீதி 216 மாதம் 448 மாதமாகிவிடும். முப்பத்தேழு வருடம். வயது வரம்பு இருப்பதால் அவ்வளவு தூரம் நீட்டமாட்டார்கள், வரம்பு முட்டும்வரை நீட்டிவிட்டுப் பிறகு இஎம்ஐயை ஏற்றுவார்கள். காலம் 216 மாதமாகவே இருக்க இஎம்ஐ 27,606 ஆகியிருந்தால் போதும். 2023 ஆகஸ்ட் 18 அன்று வந்த ரிசர்வ் வங்கி உத்தரவின்படி, இஎம்ஐயை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்பதைத் தேர்ந்தெடுக்கும் உரிமை கடன்தாரருக்கு. மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை கழிந்த அசல், வட்டி, இஎம்ஐ, மிச்சத் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் போட்ட கணக்குத்தாள் தர வேண்டும். அந்தத் தாளில் இஎம்ஐ எண்ணைப் பார்க்காதீர்கள். மிச்சத் தவணைகளின் எண்ணிக்கையைப் பாருங்கள். மூன்று மாதத்தில் அது மூன்று குறைந்திருக்க வேண்டும்.

இந்தக் குடும்பத்துக்கு எல்லாம் எழுத்திலும் கொடுக்கப்பட்டிருந்தது என்பதுதான் வயிற்றெரிச்சல். 2024 அக்டோபர் 1 முதல் புதுக் கடன்களுக்கு 'முக்கிய விவரத் தாள்' கட்டாயம்: கட்டணங்கள், வெளியாருக்குப் போகும் இன்சூரன்ஸ் பணம், எல்லாம் சேர்த்த உண்மையான ஆண்டு விகிதமான 'ஏபிஆர்', மாதவாரி அசல்-வட்டி அட்டவணை எல்லாம் அதில் இருக்கும். கடன்தாரருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். கையெழுத்துப் போடும் முன் யோசிக்கக் குறைந்தது மூன்று வேலைநாள் தர வேண்டும். இவர்களுக்கு ஆங்கிலத்தில் கொடுத்து, அன்றே நாற்பது இடத்தில் கையெழுத்து வாங்கிவிட்டார்கள். தமிழில் கேளுங்கள். வீட்டுக்குக் கொண்டுபோங்கள். 'இன்னைக்கே போட்டாதான் இந்த வட்டி' என்றால் எழுந்து வந்துவிடுங்கள். தாளில் முதலில் பார்க்க வேண்டியது கடன் தொகை, தவணை எண்ணிக்கை, ஏபிஆர். இஎம்ஐ கடைசியில்.

வரிச்சலுகை என்று யாராவது ஆசை காட்டினால், நீங்கள் புதிய வரிமுறையில் இருக்கிறீர்களா என்று பாருங்கள். குடியிருக்கும் வீட்டுக்கடன் வட்டிக்கு அதில் கழிவு கிடையாது. பழைய முறையிலும் வருடத்துக்கு 2 லட்சம் வரைதான்.

மாட்டிக்கொண்ட பிறகு செய்யக்கூடியதில் பலனுள்ளது முன்கூட்டி அசல் கட்டுவது. மாறும் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக்கடனுக்கு இதற்கு அபராதம் வாங்கக் கூடாது. இந்தக் கணக்கில் முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கட்டினால் சுமார் 42 தவணை குறையும். கட்டாமல் தப்பிக்கும் தொகை 10 லட்சம். சீட்டுப் பணமோ ரப்பர்ப் பணமோ, எந்த லட்சத்துக்கும் இதைவிட நல்ல இடம் இல்லை. ஆனால் கட்டும்போது 'இஎம்ஐ மாற வேண்டாம், காலத்தைக் குறைக்கவும்' என்று எழுதிக் கொடுத்து, நகலில் முத்திரை வாங்குங்கள். எழுதாவிட்டால் இஎம்ஐயைக் குறைத்துக் காலத்தை அப்படியே விட்டுவிடக்கூடும், அப்படியானால் பலனில் பெரும்பகுதி போய்விடும்.

கடைசித் தவணை முடிந்ததும் நீங்கள் கொடுத்து வைத்த வீட்டின் மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். அவர்கள் பக்கத் தாமதத்துக்கு நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்கு. சார்பதிவாளர் ஆபீஸில் அடமானப் பதிவை ரத்து செய்து, வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்கும்வரை வீடு முழுசாக உங்களுடையது இல்லை.

புகார் எங்கே என்பதில் பலர் வழிதவறுகிறார்கள். முதலில் நிறுவனத்தின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு எழுத்தில். 30 நாளில் சரியான பதில் இல்லையென்றால், கடன் வங்கியில் என்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர். வீட்டுவசதி நிதி நிறுவனம் என்றால் அங்கே போனால் திருப்பி அனுப்புவார்கள். தேசிய வீட்டுவசதி வங்கியின் இணையதளத்தில் போட வேண்டும். இன்சூரன்ஸுக்குத் தனியாக 'பீமா பரோசா' தளம்.

இரணியல் குடும்பம் இரண்டு கடிதம் கொடுத்திருக்கிறது. காலத்தை 240 ஆகத் திருத்துங்கள், இஎம்ஐ 27,076 ஆனாலும் பரவாயில்லை என்று ஒன்று. மொழி தெரியாத தாளில் கையெழுத்து வாங்கிச் சேர்த்த 1,20,000-ஐக் கடனிலிருந்து எடுங்கள் என்று இன்னொன்று. முதல் கடிதத்துக்கு, திருத்தக் கட்டணம் எவ்வளவு என்று பதில் வந்துவிட்டது. இரண்டாவதற்கு இன்னும் வரவில்லை.