வீட்டுப் பால் பதப்படுத்தும் கருவி: சூடேற்றுவதில் தேர்ச்சி, குளிர்விப்பதில் அலட்சியம்

பாலைக் கொதிக்கவிடாமல் சூடேற்றி நோய்க்கிருமிகளை அழிக்கும், எட்டு லிட்டர் கொள்ளும் இந்தக் கருவி, சொந்தமாக மாடோ ஆடோ வைத்திருப்பவர்களுக்காகவும், கறந்த பாலை நேரடியாக வாங்குபவர்களுக்காகவும் விற்கப்படுகிறது. இரட்டைச் சுவர் கொண்ட எவர்சில்வர் பாத்திரம், சுவர்களுக்கு இடையே நீர், அடியில் மின்சூடேற்றி, மூடியோடு இணைந்த கலக்கும் துடுப்பு, பாலை இறக்க ஒரு குழாய் என்று அமைப்பு எளிமையானது. 63 டிகிரி செல்சியஸை எட்டியதும் 30 நிமிடக் கணக்கு தொடங்கி, முடிந்ததும் மணி ஒலிக்கிறது.

இந்த 63 டிகிரியும் 30 நிமிடமும் குத்துமதிப்பாக வைக்கப்பட்டவை அல்ல. வித்து (சூட்டைத் தாங்கி உறங்கிக் கிடக்கும் கிருமி வடிவம்) உண்டாக்காத நோய்க்கிருமிகளுள் வெப்பத்தை மிகவும் தாங்குவதாகக் கருதப்படும், கியூ காய்ச்சலை உண்டாக்கும் காக்சியெல்லா பர்னெட்டியை அழிக்கப் போதுமான அளவாக அவை வகுக்கப்பட்டன; அந்த அளவுக்குக் காசநோய், புரூசெல்லா, சால்மோனெல்லா, கேம்பைலோபேக்டர், லிஸ்டீரியா ஆகியவற்றின் கிருமிகளும் தப்புவதில்லை. பெரிய ஆலைகள் மெல்லிய தகடுகளுக்கு இடையே பாலை ஓடவிட்டு, 72 டிகிரியில் 15 விநாடியில் இதே பயனைப் பெறுகின்றன. வெப்பம், நேரம் இரண்டில் ஒன்று குறைந்தாலும் பதப்படுத்தியதாகக் கொள்ள முடியாது என்பதால், இத்தகைய கருவியில் முதலில் சோதிக்க வேண்டியது அதன் கணக்கு எவ்வளவு நேர்மையானது என்பதையே.

அங்கேதான் முதல் குறை தென்பட்டது. வெப்ப உணரி பாலில் இல்லை, சுற்றியுள்ள நீரில் இருக்கிறது. பாத்திரத்தை முழுதும் நிரப்பிக் குளிர்ந்த பாலை ஊற்றினால், திரையில் 63 தெரியும் வேளையில் பாலுக்குள் விட்ட தனி வெப்பமானி அதைவிடத் தெளிவாகக் குறைந்த அளவையே காட்டியது. ஆகவே கருவியின் கணக்கை ஒதுக்கிவிட்டு, பாலே 63-ஐத் தொட்ட பிறகு 30 நிமிடத்தை நானே கணக்கிட்டேன். அப்படிச் செய்த பாலை ஆய்வகத்தில் பாஸ்பட்டேஸ் சோதனைக்குக் கொடுத்தபோது அது தேறியது. பாலில் இயல்பாகவே உள்ள இந்த நொதி, நோய்க்கிருமிகள் சாவதற்குத் தேவையானதைவிடச் சற்றுக் கூடுதலான வெப்பத்தில்தான் அழியும். எனவே அது எஞ்சியிருக்கவில்லை என்றால் சூடு போதுமான அளவு ஏறியிருக்கிறது என்று நம்பலாம். துடுப்பு நன்றாகவே வேலை செய்கிறது. மேலும் கீழும் வெப்பம் ஏறக்குறைய ஒன்றாகவே இருந்தது. ஆனால் வேகமாகச் சுழற்றினால் நுரை கட்டுகிறது, அந்த நுரை பாலின் அளவுக்குச் சூடாவதில்லை. மெதுவான சுழற்சியில் வைத்து, மூடியை இடையில் திறக்காமல் விடுவதே நல்லது.

பெரிய குறை மணி ஒலித்த பிறகு தொடங்குகிறது. கையேடு, பாலைப் பாத்திரத்திலேயே ஆறவிடலாம் என்கிறது. இதைப் படித்தபோது, இதை எழுதியவர் பாலைக் கையாண்டவர்தானா என்ற ஐயமே எழுந்தது. பதப்படுத்துதல் பாலைக் கிருமியே அற்றதாக ஆக்குவதில்லை. பேசில்லஸ் சீரியஸ் போன்றவற்றின் வித்துகள் 63 டிகிரியைத் தாங்கி நிற்கும். பால் மிதமான சூட்டில் மணிக்கணக்கில் கிடந்தால் அவை முளைத்துப் பெருகும். சூடேற்றிய பாலை விரைந்து 4 டிகிரி அளவுக்குக் கொண்டுவருவது இந்த முறையின் சரிபாதி. பாத்திரத்தைச் சுற்றிக் குளிர்நீரை ஓடவிட ஒரு நுழைவாய் வைத்திருந்தாலே பாதிச் சிக்கல் தீர்ந்திருக்கும். அது இல்லாததால், சுத்தமான சிறு கலங்களில் பாலை மாற்றிப் பனிக்கட்டி நீரில் அமிழ்த்த வேண்டியிருக்கிறது. குழாயின் உட்புறத்தையும் வாஷரையும் ஒவ்வொரு முறையும் கழற்றிக் கழுவாவிட்டால், தூய பால் வெளியேறும் வழியிலேயே மீண்டும் மாசுபடும். குளிர்பதனப் பெட்டியின் குளிரிலும் லிஸ்டீரியா மெல்ல வளரக்கூடியது என்பதால் இதை எளிதாக எடுத்துக்கொள்ள முடியாது.

கையேட்டில் இன்னொரு வரியும் கண்ணை உறுத்துகிறது. மென்மையான சூட்டில் நொதிகள் காக்கப்படுவதால், பாலில் உள்ள சர்க்கரையான லாக்டோஸ் ஒவ்வாதவர்களும் இந்தப் பாலைக் குடிக்கலாம் என்று அது கூறுகிறது. பச்சைப்பாலிலேயே லாக்டோஸைச் செரிக்கும் அளவுக்கு லாக்டேஸ் நொதி கிடையாது. இல்லாததைக் காப்பது எப்படி? சூட்டினால் உண்மையில் குறைவது வைட்டமின் சி, பி1 போன்ற சிலவற்றின் சிறு பகுதிதான். கால்சியத்துக்கும் புரதத்தின் ஊட்டத்துக்கும் குறிப்பிடத்தக்க இழப்பு இல்லை.

நேரடியாகக் கொதிக்க வைத்தால் போதாதா என்று கேட்பவர்களுக்கு, குடிப்பதற்கு மட்டும் என்றால் போதும் என்பதே என் பதில். கொதித்த பாலில் ஏடு படிகிறது, காய்ச்சிய மணம் ஏறுகிறது, மோர்ப்புரதம் உருமாறுவதால் பாலாடைக்கட்டி உறுதியாகத் திரள்வதில்லை. ஆகவே பாலாடைக்கட்டி செய்பவர்களுக்கும், கறந்த பாலின் சுவையை விரும்புபவர்களுக்கும் இதை வாங்கப் பரிந்துரைப்பேன், ஆனால் பாலுக்குள் விடக்கூடிய நல்ல வெப்பமானி ஒன்றையும் சேர்த்தே வாங்க வேண்டும். நாளுக்கு ஓரிரு லிட்டர் குடிக்கும் குடும்பத்துக்கு ஒரு பாத்திரமும் அடுப்புமே போதும்.