வேலிச் சண்டையோடு மத்தியஸ்த சபைக்குப் போனோம்

காணிப் பிரச்சினைக்காகச் சொந்தக்காரர் மேல் பொலிசில் முறைப்பாடு போட யோசிக்கிறவர்கள், போவதற்கு முன் இதை ஒருமுறை படிக்கவேண்டும் என்பதற்காகவே எழுதுகிறேன். வழக்குக்குப் போகுமுன் பிணக்கைப் பேசித் தீர்க்க உதவும் எங்கள் பிரதேசத்து மத்தியஸ்த சபையில் எனக்குக் கிடைத்த சேவை பற்றியது இது.

யாழ்ப்பாணத்துக் கோண்டாவிலில் அப்பப்பாவின் முதுசக் காணி, 6 பரப்பு (பரப்பு எங்கள் ஊர் நில அளவு). ஐயாவுக்கும் சித்தப்பாவுக்கும் பாதிப் பாதி என்று வாய்ப்பேச்சு மட்டும்தான், உறுதி, அதாவது காணிப் பத்திரம், பிரிக்கவே இல்லை. நடுவில் பூவரசங் கதியால் (நட்டுத் துளிர்த்த தடி) வேலி. போன வைகாசியில் சித்தப்பாவின் மகன் மதில் கட்ட வெளிக்கிட்டு, 11 கதியாலை அடியோடு தறித்துவிட்டான். வெட்டிய அத்திவாரம் வேலியைத் தாண்டி 3 அடி எங்கள் பக்கம் வந்து கிணற்றடியைத் தொட்டது. நான் கத்தினேன். அவன் மண்வெட்டியை ஓங்கினான். அடிக்கவில்லை, ஆனால் ஓங்கினான். அன்று பின்னேரமே முறைப்பாடு போட்டேன்: அத்துமீறல், சேதம், மிரட்டல். அடுத்த நாள் அவனும் போட்டான், நான் தூஷணத்தால் பேசினேனாம். நான் இடுப்பில் தூக்கித் திரிந்த பிள்ளை. பொலிஸ் நிலையத்துச் சிறு குற்றப்பிரிவில் ஒரே வாங்கின் இரண்டு அந்தத்திலும் இருந்தோம், முகம் பார்க்கவில்லை.

உறுதியை நீட்டினேன். "காணி ஆருடையது எண்டு நாங்கள் சொல்ல ஏலாதம்மா" என்றார் அந்த உத்தியோகத்தர். அவர் சொன்னது சரி. அடிதடி வரும் என்று கண்டால் 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்கச் சட்டத்தின் 66ஆம் பிரிவின்படி பொலிசார் முதனிலை நீதிமன்றத்துக்கு அறிக்கை கொடுக்கலாம். அங்கும் பார்ப்பது காணி யார் கையில் இருந்தது, முந்திய 2 மாதத்துக்குள் யாரையாவது பலவந்தமாக வெளியேற்றினார்களா என்பதைத்தான். உரித்து யாருக்கு என்பது மாவட்ட நீதிமன்றத்து விஷயம். அத்துமீறல், சேதம் போன்ற சின்ன முறைப்பாடுகளோ 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டப்படி முதலில் மத்தியஸ்த சபைக்குப் போகவேண்டும். இணக்கம் வரவில்லை என்ற சான்றிதழ் இல்லாமல் நீதிமன்றத்துக்குப் போக முடியாது. அப்படித்தான் எங்களை அனுப்பினார்கள்.

சபை ஞாயிற்றுக்கிழமை ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் கூடியது. பட்டியலில் இருந்து நான் ஒருவரைத் தெரிந்தேன், அவன் ஒருவரைத் தெரிந்தான், அந்த இருவரும் சேர்ந்து மூன்றாமவரை எடுத்தார்கள். சட்டத்தரணி பேச முடியாது என்றதும் எனக்குப் பயமாகத்தான் இருந்தது. ஆனால் அதுதான் நல்லதாய்ப் போயிற்று. மூவரில் ஒருவர் ஓய்வுபெற்ற ஆசிரியர். எழும்பிப் போய்க் கரும்பலகையில் சோக்கால் காணியைக் கீறி, நடுவில் கிணற்றுக்கு ஒரு வட்டம் போட்டார். பிறகு அவனைப் பார்த்து, "தம்பி, உம்மட அம்மா இந்தக் கிணத்தில எந்தப் பக்கம் நிண்டு தண்ணி அள்ளினவ?" என்று கேட்டார். அவன் கன நேரம் பலகையையே பார்த்தான். "மேற்காலை. பெரியம்மாவோட" என்றான். பெரியம்மா என்றது என் அம்மாவை. மூன்று கிழமைக்குப் பிறகு அவன் வாயிலிருந்து அந்தச் சொல்லைக் கேட்டேன்.

குறைகளும் சொல்லத்தான் வேண்டும். அடுத்த மேசையில் வேறொரு குடும்பத்தின் கடன் பிணக்கு. அவர்கள் கதை எங்களுக்குக் கேட்டது, எங்கள் கதை அவர்களுக்கும் கேட்டிருக்கும். வீட்டு விஷயம் பேசுகிற இடத்தில் ஒரு மறைப்பாவது வேண்டும். 9 மணிக்கு வரச்சொல்லி 11 மணிக்குத்தான் கூப்பிட்டார்கள். எங்கள் சபையினர் காணியை அளந்து தருவதில்லை, அதை நாங்களே செய்யவேண்டும். இது தெரியாமல் வெறுங்கையோடு போனதால் முதல் அமர்வு அப்படியே வீணாயிற்று. கச்சேரியடியில் காணிப் பதிவகத்தில் தோம்பு (காணியின் பதிவுப் பிரதி) எடுத்து, பதிவுபெற்ற நில அளவையாளரைக் கொண்டு பிளானும் கீறி எடுத்துக்கொண்டு போங்கள்.

நாங்கள் செலவைப் பாதிப் பாதி போட்டு அளந்தோம். அளந்து பார்த்தால் பழைய வேலியே 1 அடி அவர்கள் பக்கம் சரிந்திருந்தது. ஐயா காலத்திலிருந்து அந்த ஓரடி எங்களிடம் இருந்திருக்கிறது. அதை நான் ஒத்துக்கொண்டேன், மற்ற 2 அடியை அவன் விட்டான். மதில் பிளான் கோட்டில் வரும், கிணறு இருவருக்கும் பொது, வழிவாய்க்கால் பழையபடி. இரண்டு முறைப்பாட்டையும் முடித்துக்கொள்வது என்று மூன்றாவது அமர்வில் கையெழுத்து வைத்தோம். இவ்வளவுக்கும் சபையினர் சம்பளத்துக்கு இருப்பவர்கள் அல்ல.

அப்புறம் ஒன்று. இந்தத் தீர்வுக் கடதாசியால் காணி கைமாறாது. 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டப்படி நொத்தாரிசு முன்னிலையில் இரண்டு சாட்சியோடு உறுதி முடித்தால்தான் பிரித்தது பிரித்ததாகும். கனடாவில் இருக்கும் அக்காவின் அற்றோணித் தத்துவத்துக்காக (அவர் சார்பில் கையெழுத்து வைக்கும் அதிகாரப் பத்திரம்) காத்திருக்கிறோம். அதுவரை மதிலுக்குக் கல் வைப்பதில்லை என்று தம்பியும் நானும் பேசி வைத்திருக்கிறோம்.