விளாட் இவானோவ்: எந்தப் படத்தில் தொடங்கலாம்?

ருமேனிய நடிகர் விளாட் இவானோவின் படங்களில் முதலில் எதைப் பார்ப்பது? 2007இல் வந்த '4 மாதங்கள், 3 வாரங்கள், 2 நாட்கள்' படமா, 2019இன் 'தி விஸ்லர்ஸ்' படமா?

முதல் படத்தில் அவர் வருவது கொஞ்ச நேரம்தான். கதை நடப்பது 1987இல், ருமேனியாவின் கம்யூனிஸ்ட் சர்வாதிகாரி சௌசெஸ்குவின் ஆட்சியில். அன்று கருக்கலைப்பு குற்றம். அதைத் திருட்டுத்தனமாகச் செய்துவிடும் ஆள்தான் பெபே, இவானோவின் வேடம். ஓட்டல் அறையில் இரண்டு மாணவிகளை உட்காரவைத்து, அவர்கள் சொன்ன பொய்களைக் கணக்கு வாத்தியார் மாதிரி நிதானமாக ஒவ்வொன்றாக எடுத்துவைப்பார். கையில் பணம் பத்தாது என்றானதும் அவர் எதைக் கூலியாகக் கேட்கிறார் என்று நமக்கு உறைக்கும்போது வயிற்றைப் பிசையும். அந்தக் காட்சியில் கேமரா அதிகம் அசையாது. இயக்குநர் கிரிஸ்டியன் முஞ்ஜியுவுக்கு கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனையை வாங்கிக் கொடுத்த படம் இது.

விஸ்லர்ஸில் அவர்தான் நாயகன். கறைபடிந்த போலீஸ்காரர் கிறிஸ்டி, கேனரித் தீவுகளில் ஒன்றான லா கொமேராவுக்குப் போய், சீட்டியடித்தே பேசும் மொழியைக் கற்கிறார். விரலைத் துப்பாக்கி மாதிரி மடக்கி வாயில் வைக்கச் சொல்லித்தரும்போதும் அதே இறுகிய முகம்! சிரிப்பு அங்கேதான். பொரும்பொயு இயக்கிய இந்தப் படத்தில் கதை முன்னும் பின்னும் தாவும், தூக்கக் கலக்கத்தில் பார்க்காதீர்கள்.

என் ஓட்டு பழைய படத்துக்கே. மனசு தாங்காது என்பவர்கள் விஸ்லர்ஸில் தொடங்கலாம்.