"டிஸ்க் போயிருச்சுங்கண்ணா" என்றார்கள், போனது ஒரு லைப்ரரி ஃபைல்

சேலத்தில், விண்டோஸுக்குப் பதிலாக உபுண்டு என்ற ஓஎஸ் போட்ட கம்ப்யூட்டரை சர்வீசுக்குத் தூக்கிக்கொண்டு போகிற எண்ணம் இருந்தால் இதைப் படித்துவிட்டுப் போங்கள். எனக்கு 2,100 ரூபாயும் தீபாவளிக்கு முந்தின மூன்று வேலை நாளும் போய்விட்டது. கடைப் பெயரை எழுதப் போவதில்லை, கேட்டாலும் சொல்ல மாட்டேன்.

செவ்வாய்ப்பேட்டையில் எங்களுக்குச் சின்னதாக ஒரு கொலுசுப் பட்டறை. எடை, சேதாரம், கூலி மூன்றையும் கணக்குப் போட்டு அன்றைய வெள்ளி விலைக்கு பில் தயார் செய்து வெளியூர் வியாபாரியின் சர்வருக்கு அனுப்ப, அக்கா மகன் ஒரு டூல் எழுதிக் கொடுத்திருந்தான். அதில் பட்டன், படம் எதுவும் கிடையாது, கருப்புத் திரையில் ஒரு வரி அடித்தால் பில் போய்விடும். உபுண்டுவின் 20.04 பதிப்பில் அது ஒரு நாளும் தகராறு செய்ததில்லை. 22.04க்கு மாறச் சொல்லித் திரையில் கேட்டுக்கொண்டே இருந்ததால் ஒரு ராத்திரி 'சரி' என்று அழுத்திவிட்டேன், அது என் தப்புத்தான். காலையில் டூலை ஓட்டினால், ஷேர்டு லைப்ரரியை ஏற்ற முடியவில்லை, லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 என்ற ஃபைல் இல்லை என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு நின்றுவிட்டது.

இப்போது யோசித்தால் நோய், மருந்து இரண்டுமே அந்த வரியில் இருந்திருக்கிறது. ஆனால் டூலை எழுதிய மாப்பிள்ளை ஏற்காட்டில் உட்கார்ந்து ஏதோ ஆபீஸ் வேலையில் மாட்டிக்கொண்டிருந்தான், அவனைத் தொந்தரவு செய்ய வேண்டாமே என்று டவுனுக்குள் இருந்த ஒரு கடைக்கு சிபியூவைத் தூக்கிக்கொண்டு போனேன்.

கடைக்காரத் தம்பி அந்த வரியைப் படிக்கவே இல்லை. "ஓஎஸ் கரப்ட் ஆயிருச்சுங்கண்ணா, பார்க்க மட்டும் 600" என்றார். கொடுத்தேன். அப்புறம் நெட்டில் எதையோ தேடிப் பார்த்து, லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.3 என்ற ஃபைலுக்கு 1.1 என்ற பெயரில் ஒரு லிங்க் போட்டுவிட்டார். டூல் இப்போது வேறு மாதிரி திட்டியது, ஓபன்எஸ்எஸ்எல் 1.1.0 வெர்ஷன் இல்லை என்று. "பாத்தீங்களா, பாதி சரியாயிருச்சு" என்றார், நானும் தலையாட்டினேன்.

எங்கள் தொழிலை வைத்தே சொல்கிறேன். கொலுசு செய்கிற எல்லார் வீட்டிலும் கம்பி இழுக்கிற மிஷின் இருக்காது, ஒரு பட்டறையில் இழுத்துத் தருகிற கம்பியைத்தான் பல வீடுகள் வாங்கிக் கோக்கும். ஷேர்டு லைப்ரரி அந்தக் கம்பிப் பட்டறை மாதிரி. நெட்டில் பூட்டுப் போட்டுத் தகவல் அனுப்புகிற வேலையை ஒவ்வொரு டூலும் தனித்தனியாக எழுதி வைத்துக்கொள்ளாமல் ஓபன்எஸ்எஸ்எல் லைப்ரரியிடம் கேட்டு வாங்கிக்கொள்கிறது. பெயரின் கடைசியில் வரும் எண் எந்தத் தலைமுறை என்பதைச் சொல்கிறது. எண் மாறினால், பழைய அளவுக்குச் செய்த டூலுக்குப் புதிய கம்பி சேராமல் போகலாம். உபுண்டு 20.04ல் இருந்தது ஓபன்எஸ்எஸ்எல் 1.1.1, 22.04ல் வந்தது 3. அந்த 1.1.1க்கு அதைச் செய்தவர்களே கொடுத்துவந்த பொதுப் பராமரிப்பை 2023 செப்டம்பரில் முடித்துவிட்டார்கள். பழைய பெயரில் லிங்க் போடுவது பட்டறையின் பலகையை மட்டும் மாற்றி எழுதுகிற வேலை, உள்ளே இழுப்பது அதே புதுக் கம்பிதான்.

இதோடு விட்டிருந்தால் 600 ரூபாயோடு போயிருக்கும். மறுநாள் 1,500 வாங்கிக்கொண்டு, கடையில் இருந்த வேறொரு 20.04 மிஷினிலிருந்து லைப்ரரி ஃபைல்களைக் கொத்தாகப் பென் டிரைவில் எடுத்து வந்து, என் மிஷினில் எதை வேண்டுமானாலும் மாற்ற விடுகிற ரூட் அதிகாரத்தோடு, இருந்த ஃபைல்களின் மேலேயே எழுதினார். அந்தக் கொத்தில் லிப்சி.எஸ்ஓ.6 என்ற ஃபைலும் இருந்திருக்கிறது. ஃபைல் பட்டியல் காட்டுகிற, காப்பி எடுக்கிற சாதாரண கட்டளையில் தொடங்கி மிஷின் எழுந்ததும் முதலில் ஓடுகிற இனிட் வரைக்கும் கிட்டத்தட்ட எல்லாமே நம்பியிருப்பது அந்த ஒரு ஃபைலைத்தான். ஓடிக்கொண்டிருக்கும்போதே அதன் மேல் எழுதினால் என்ன ஆகும்? காப்பி பாதியில் திரை உறைந்துவிட்டது. தம்பி பவர் பட்டனை அழுத்தினார். திரும்ப ஆன் செய்தால், ஓஎஸ்ஸின் மையப் பகுதியே நின்றுவிட்டது என்கிற 'கெர்னல் பேனிக்', கூடவே 'அட்டெம்ப்டட் டு கில் இனிட்' என்று ஒரு வரி.

"டிஸ்க் போயிருச்சுங்கண்ணா. புது எஸ்எஸ்டி, டேட்டா ரெக்கவரி எல்லாம் சேர்த்து 6,500 ஆகும். இன்னைக்குச் சொன்னாத்தான் தீபாவளிக்குள்ள முடியும்." அவசரப்படுத்துகிற அந்தக் கடைசி வாக்கியத்தில்தான் எனக்குப் பொறி தட்டியது. நாலு வருஷக் கணக்கு உள்ளே இருக்கிறது, வயிறு கலங்காமல் இருக்குமா? நல்ல வேளை, திரையைப் போனில் படம் எடுத்து வாட்ஸ்அப்பில் மாப்பிள்ளைக்கு அனுப்பினேன். ரெண்டே நிமிஷத்தில் போன் வந்தது: "மாமா, ஒரு பைசா கொடுக்காதீங்க, பெட்டியை எடுத்துட்டு வீட்டுக்கு வாங்க. இது டிஸ்க் மாதிரி தெரியலை."

இருபது கொண்டை ஊசி வளைவையும் இறங்கி அன்று சாயங்காலமே வந்துவிட்டான். 22.04ஐப் பென் டிரைவிலிருந்தே ஓடுகிற மாதிரி தயார் செய்து கொண்டுவந்திருந்தான். அதில் மிஷினைக் கிளப்பி என் டிஸ்கைத் திறந்தால் கணக்கு எல்லாம் அப்படியே இருக்கிறது. டிஸ்கின் ஆரோக்கியத்தைக் காட்டுகிற ஸ்மார்ட் சோதனையிலும் ஒரு குறையும் இல்லை. 2 எம்பிக்கு மேல் இருக்க வேண்டிய லிப்சி ஃபைல் மட்டும் சில கேபியோடு அறுந்து கிடந்தது. பென் டிரைவில் இருந்த நல்ல ஃபைலை அதன் இடத்தில் வைத்தான், மிஷின் எழுந்துவிட்டது. அப்புறம் டிபிகேஜி வெரிஃபை என்ற கட்டளையைக் கொடுத்து, பேக்கேஜில் வந்தபடி இல்லாமல் மாறிப்போன ஃபைல்கள் எவை என்று பார்த்து, அந்தப் பேக்கேஜ்களை மறுபடியும் நிறுவினான். தட்டுவடை செட் வாங்கி வந்து அவன் கையில் கொடுக்கும்போது பாதி வேலை முடிந்திருந்தது.

டூலுக்கு உண்மையான வைத்தியம் இன்னும் சுலபம். மூல நிரலை, அதாவது அவன் எழுதி வைத்திருந்த வரிகளை, 22.04லேயே திரும்ப கம்பைல் செய்து ஓடுகிற ஃபைலாக்கினான், இரண்டு இடத்தில் எச்சரிக்கை வந்தது, திருத்தினான், ஓடிவிட்டது. உங்கள் கையில் மூல நிரல் இல்லை என்றால், செய்து கொடுத்தவரிடம் புது உபுண்டுவுக்கான பதிப்பைக் கேளுங்கள். லைப்ரரி ஃபைலை மட்டும் தனியாகத் தருகிற சைட்டில் இறக்கிப் போட்டுவிடாதீர்கள், அந்த ஃபைலுக்குள் என்ன இருக்கிறது என்று யாருக்குத் தெரியும்? விண்டோஸில் டிஎல்எல், அதாவது அங்கே இருக்கிற ஷேர்டு லைப்ரரி ஃபைல், காணோம் என்று வந்தாலும் இதே கதைதான். விசிரன்டைம்140 என்ற டிஎல்எல்லைக் கேட்டால் மைக்ரோசாஃப்டே விஷுவல் சி++ தொகுப்பை இலவசமாகத் தருகிறது, அதற்கு எந்தக் கடைக்கும் காசு கொடுக்க வேண்டியதில்லை.

எல்டிடி என்று ஒரு கட்டளையையும் காட்டிக் கொடுத்தான். எல்டிடி என்று அடித்துப் பக்கத்தில் டூல் இருக்கும் இடத்தைக் கொடுத்தால், அது கேட்கிற லைப்ரரிகள் வரிசையாக வரும், கிடைக்காததற்கு நேரே 'நாட் ஃபவுண்ட்' என்று இருக்கும். கடைக்குப் போகும் முன்னால் அதைப் படம் எடுத்துக்கொண்டு போங்கள், கடைக்காரர் அந்த வரியைப் படிக்கிறாரா என்று பாருங்கள். முன்பின் தெரியாத இடத்திலிருந்து வந்த ஃபைலில் மட்டும் எல்டிடியை ஓட்டாதீர்கள், சில சமயம் அது அந்த ஃபைலையே ஓட்டிவிடும்.

மறுநாள் கடைக்குப் போய் 1,500ஐத் திருப்பிக் கேட்டேன். "வேலை செஞ்சோமில்லீங்கண்ணா" என்றார். பில் கேட்டேன். துண்டுச் சீட்டில் 'சாஃப்ட்வேர் சர்வீஸ்' என்று எழுதிக் கொடுத்தார், தேதியைக்கூடப் போடவில்லை.