ரிவால்வரா, பிஸ்டலா: பராமரிக்க எது எளிது?

மதுரைப் பக்கம் லைசென்ஸ் துப்பாக்கி வைத்திருப்பவர்களில் பலர் அதைச் சுடுவதே அபூர்வம். தேர்தல் வந்தால் போலீஸ் ஸ்டேஷனில் ஒப்படைப்பது, முடிந்ததும் வாங்கிவந்து பீரோவில் பூட்டுவது, அவ்வளவுதான். ஆக, சுட்டால் படியும் கரியைவிடத் துருதான் முதல் எதிரி. அந்தக் கணக்கில் .32 ரிவால்வருக்கே என் ஓட்டு.

கான்பூரில் தயாராகும் அந்த ரிவால்வரை நடுவில் மடக்கித் திறந்தால், உருளையில் தோட்டா போடும் ஆறு அறைகளும் கண்முன்னே. காலியா என்று விரல் வைத்தே பார்த்துவிடலாம், எதையும் கழற்ற வேண்டாம். சுட்ட பிறகுதான் வேலை கூடும். ஆறு அறை, குழல், போதாக்குறைக்குக் காலிக் கூடுகளை வெளியே தள்ளும் நட்சத்திரத் தகடு. அதனடியில் எரியாத மருந்துத் துகள் சிக்கினால் உருளை இறுகிச் சுற்ற அடம்பிடிக்கும். பழைய பல் பிரஷ் போதும், கிளறி எடுத்துவிடலாம்.

பிஸ்டலில் தேய்ப்பது சீக்கிரம் முடியும். ஆனால் ஸ்லைடை, அதாவது மேலே முன்னும் பின்னும் நகரும் பாகத்தை, கழற்ற வேண்டும். அசந்தால் ஸ்பிரிங் துள்ளிக் கட்டிலுக்கடியில் போய்விடும். தோட்டாக்கள் அடுக்கிய மேகசினை உருவியதும் காலி என்று நினைப்பதில்தான் ஆபத்து. குழலுக்குள் ஒரு தோட்டா இருக்கலாம். ஸ்லைடை இழுத்து உள்ளே பார்க்காமல் துணியைக் கையில் எடுக்காதீர்கள்.

எண்ணெய் இரண்டுக்கும் துளிதான். கூடினால் சித்திரைப் புழுதி ஒட்டி, பிஸ்டலின் ஸ்லைடு தடம் பசையாகிவிடும். தேங்காய் எண்ணெய் வேண்டவே வேண்டாம், நாள்பட்டால் பிசுபிசுக்கும். ஐப்பசி மழையில் தோல் உறை ஈரத்தை இழுத்துவைக்கும் என்பதால், எந்தத் துப்பாக்கியானாலும் உறையிலிருந்து எடுத்துத் தனியாக வையுங்கள்.